நோய்ப்பட்ட மீனுக்கு உப்பு: முழுத் தொட்டியிலா, தனி டப்பிலா, ஐந்து நிமிடக் குளியலா?

மீன் துடுப்பை மடக்கிக்கொண்டு மூலையில் ஒதுங்கினால் நம் ஊரில் முதலில் கிடைக்கும் ஆலோசனை, "ஒரு கைப்பிடி கல் உப்பு போடுங்க" என்பதுதான். சென்னை கொளத்தூரின் அலங்கார மீன் கடைகளில் கேட்டாலும் இதே பதில், மீன் வளர்க்கும் பக்கத்து வீட்டுக்காரரைக் கேட்டாலும் இதே பதில். தொட்டியில் செடி வளர்க்கும் நண்பரிடம் கேட்டால் உப்பு என்ற பேச்சையே எடுக்கவிட மாட்டார். இரண்டு தரப்பிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் யாரும் அளவையும் நேரத்தையும் சொல்வதில்லை. லிட்டருக்கு 1 கிராம் உப்பு செய்யும் வேலை வேறு, 20 கிராம் செய்யும் வேலை வேறு. முதலாவதில் மீன் மாதக்கணக்கில் இருக்கலாம். இரண்டாவதில் அரை மணி நேரம் விட்டாலே செத்துப்போகலாம்.

உப்பு ஏன் வேலை செய்கிறது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நன்னீர் மீனின் உடம்புக்குள் லிட்டருக்குச் சுமார் 9 கிராம் உப்புக்கு ஈடான செறிவு இருக்கிறது. வெளியே இருக்கும் தண்ணீரில் அதில் சிறு பங்குகூட இல்லை. அதனால் தண்ணீர் செவுள் வழியாக ஓயாமல் உள்ளே புகுந்துகொண்டே இருக்கும். மீன் அதைச் சிறுநீராக வெளியே தள்ளிக்கொண்டும், உடம்பில் உள்ள உப்பை விடாமல் பிடித்துவைத்துக்கொண்டும் இருக்க வேண்டும். காயம்பட்ட மீனுக்கு இந்தப் பாடு இன்னும் அதிகம். வெளித் தண்ணீரில் கொஞ்சம் உப்பு சேர்த்தால் அந்தச் சுமை குறைகிறது. அதையே கெட்டியாகக் கலந்தால் மீனுக்கு முன்னால் அதன் மேல் ஒட்டியிருக்கும் நுண்ணிய ஒட்டுண்ணி நீர் இழந்து சாகிறது.

## எதை வைத்து முடிவெடுப்பது?

முதல் கேள்வி, நோய் எங்கே இருக்கிறது என்பது. வெள்ளைப் புள்ளி நோய்க் கிருமி மீனிடம் மட்டும் இல்லை, தொட்டி முழுக்க இருக்கிறது. துடுப்பில் பஞ்சு மாதிரி பூஞ்சை பிடித்த காயமோ அந்த ஒரு மீனின் சங்கதி.

இரண்டாவது, தொட்டியில் கூட யார் குடியிருக்கிறார்கள் என்பது. மோலி கடல் தண்ணீருக்கே பழகக்கூடியது. கப்பி, ப்ளாட்டி, கோல்டு ஃபிஷ், கோய் கார்ப் எல்லாம் உப்பை நன்றாகத் தாங்கும். கோரி, லோச், சக்கர் மீன், நியான் டெட்ரா ஆகியவற்றிடம் கவனமாகப் போக வேண்டும். நத்தை, இறால், கபோம்பா போன்ற மென்மையான செடி இருந்தால் கணக்கே மாறிவிடும்.

மூன்றாவது, உங்களிடம் தராசும் தண்ணீர்க் கணக்கும் இருக்கிறதா? 2 அடிக்கு 1 அடிக்கு 1 அடித் தொட்டியை எடுத்துக்கொள்வோம். 60 × 30 × 30 செ.மீ., ஆயிரத்தால் வகுத்தால் 54 லிட்டர். கூழாங்கல்லுக்கும் மேலே விட்ட இடைவெளிக்கும் கழித்தால் உண்மையில் 45 லிட்டர்தான் இருக்கும். இந்த வித்தியாசத்தைக் கணக்கில் எடுக்காவிட்டால் லிட்டருக்கு 3 கிராம் என்று நினைத்துப் போட்டது 3.6 கிராமாக ஆகிவிடும். கைப்பிடி, ஸ்பூன் கணக்கும் நம்பத்தக்கதல்ல. ஒரு டீஸ்பூன் தூள் உப்பு 6 கிராம் அளவுக்கு வரும். அதே ஸ்பூனில் பெரிய பரல் கல் உப்பை அள்ளினால் இடையில் இடைவெளி விழுந்து எடை குறையும். சமையலறைத் தராசு ஒன்று இருந்தால் இந்தத் தலைவலி தீர்ந்தது.

கடைசியாக, போட்ட உப்பை எப்படி எடுக்கப் போகிறீர்கள்? தண்ணீர் ஆவியாகும், உப்பு ஆகாது. ஃபில்டரோ கார்பனோ அதைப் பிடிக்காது. தண்ணீரை மாற்றி மாற்றித்தான் குறைக்க முடியும். 45 லிட்டரில் மூன்றில் ஒரு பங்கு மாற்றினால் 3 கிராம் செறிவு 2 ஆகும், அடுத்த முறை 1.3, அதற்கடுத்த முறை 0.9. இதை யோசிக்காமல் வாரா வாரம் "கொஞ்சம் உப்பு" போடுகிறவர்களின் தொட்டியில் டிடிஎஸ் மீட்டரை (தண்ணீரில் கரைந்த உப்புகளை அளக்கும் கருவி) விட்டுப் பாருங்கள். லிட்டருக்கு 1 கிராம் உப்பு ஏறினால் மீட்டரில் ஏறக்குறைய 1000 கூடும்.

## எந்த உப்பு வாங்குவது?

இதற்கு அதிகம் மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம். 'அக்வேரியம் சால்ட்' என்று சின்னப் பாக்கெட்டில் விற்பதும் சோடியம் குளோரைடுதான், கல் உப்பும் அதுதான். அயோடின் மீனைக் கொன்றுவிடும் என்ற பயம் மிகையானது. கிலோவுக்கு 30 மில்லிகிராம் அயோடின் இருக்கிற உப்பை லிட்டருக்கு 3 கிராம் போட்டாலும், தண்ணீரில் சேர்வது லிட்டருக்கு 0.1 மில்லிகிராமுக்கும் குறைவு. தூள் உப்பை நான் தவிர்ப்பது, கட்டி பிடிக்காமல் இருக்க அதில் வேறு பொருள் சேர்க்கிறார்கள் என்பதற்காகத்தான். வேறு வழியில்லாத இரவில் அதுவும் உதவும். மூலிகை, மஞ்சள், வாசனை எதுவும் கலந்த குளியல் உப்பு மட்டும் வேண்டவே வேண்டாம்.

கல் உப்பில் தூசு இருக்கும். ஒரு மக்கில் கரைத்து, கசடு அடியில் தங்கியதும் மேலே தெளிந்ததை மட்டும் ஊற்றுங்கள். பரலை அப்படியே தொட்டியில் போடாதீர்கள். அடியில் கிடக்கும் பரல் மேல் படுத்த மீனுக்குத் தோல் வெந்துவிடும். கோல்டு ஃபிஷ் அதை வாயில் போட்டுப் பார்க்கும்.

கடல் மீன் தொட்டிக்கான உப்புக் கலவை வேறு சமாச்சாரம். அது தண்ணீரின் பிஎச், கடினத்தன்மை இரண்டையும் ஏற்றும். மோலிக்குப் பிடிக்கும், வைத்தியத்துக்குத் தேவையில்லை.

## வழி 1: முழுத் தொட்டியிலும் உப்பு

அளவு: லிட்டருக்கு 1 முதல் 3 கிராம். நேரம்: நாள்கணக்கில்.

இது சரியாகப் பொருந்தும் இடங்கள் இரண்டு. ஒன்று, வெள்ளைப் புள்ளி. மீன் மேல் ரவை தூவியது போலத் தெரிகிற அந்தப் புள்ளிக்குள் இருக்கும் ஒட்டுண்ணி தோலுக்கு அடியில் பாதுகாப்பாக இருக்கிறது. உப்பு அங்கே எட்டாது. அது முற்றியதும் மீனை விட்டு உதிர்ந்து, தொட்டி அடியில் ஒட்டிக்கொண்டு நூற்றுக்கணக்கில் பிரிகிறது. அந்தக் குஞ்சுகள் அடுத்த மீனைத் தேடி நீந்துகிற ஓரிரண்டு நாளில்தான் உப்பிடம் மாட்டும். அதனால் ஒரே நாளில் பலன் எதிர்பார்க்கக்கூடாது. தண்ணீரின் சூடு 28–30 டிகிரியில் இருந்தால் சுழற்சி வேகமாக ஓடும், வைத்தியமும் சீக்கிரம் முடியும். சென்னையில் வெயில் காலத்தில் இதற்கு ஹீட்டர் தேவையே இல்லை. ஊட்டியில் ஹீட்டர் இல்லாத தொட்டியில் இதே நோய் வாரக்கணக்கில் இழுக்கும்.

நம் 45 லிட்டர்த் தொட்டிக்கு லிட்டருக்கு 3 கிராம் என்றால் 135 கிராம். மூன்றாகப் பிரித்து, 12 மணி நேர இடைவெளியில் 45 கிராம் வீதம். 10 முதல் 14 நாள் வைத்திருக்க வேண்டும். கண்ணுக்குப் புள்ளி மறைந்ததும் நிறுத்துகிறவர்கள்தான் "திரும்ப வந்துடுச்சு" என்று புலம்புகிறவர்கள். நடுவில் 15 லிட்டர் மாற்றினால் புதுத் தண்ணீருக்கு 45 கிராம் சேருங்கள். ஆவியாகிக் குறைந்த தண்ணீருக்குப் பதிலாக ஊற்றும்போது உப்பு சேர்க்கக்கூடாது.

இரண்டாவது இடம், நைட்ரைட் (மீன் கழிவின் அமோனியாவிலிருந்து உருவாகும் நச்சு). தொட்டி வைத்து இரண்டு மூன்று வாரம் ஆகியிருக்கும், மீன் மேலே வந்து வாயைப் பிளக்கும், செவுள் சிவப்பு மங்கிப் பழுப்பாகத் தெரியும். நைட்ரைட் இரத்தத்தில் கலந்து, அது பிராணவாயுவைச் சுமக்க முடியாமல் செய்துவிடுகிறது. நைட்ரைட்டும் குளோரைடும் செவுளில் ஒரே வாசல் வழியாகத்தான் உள்ளே போகின்றன. வாசலில் குளோரைடு கூட்டமாக நின்றால் நைட்ரைட்டுக்கு வழி கிடைக்காது. மீன் பண்ணைகளில் நைட்ரைட்டைப் போல் குறைந்தது பத்து மடங்கு குளோரைடு இருக்கும்படி பார்த்துக்கொள்கிறார்கள். உப்பில் 60 சதவீதம் குளோரைடு. அதாவது லிட்டருக்கு 0.1 கிராம் உப்பே 60 மில்லிகிராம் குளோரைடு தந்துவிடும். 45 லிட்டருக்கு நாலரை கிராம், ஒரு டீஸ்பூன்கூட வேண்டாம். கைப்பிடிக் கணக்கில் போடுகிறவர்கள் இந்த இடத்தில் பல மடங்கு வீணாகக் கொட்டுகிறார்கள். கடலோரப் பகுதியில் உப்புக் கரிக்கும் போர் தண்ணீரை ஊற்றுகிறவருக்கு இந்தப் பாதுகாப்பு தண்ணீரிலேயே இருக்கக்கூடும். ஒன்று மட்டும் நினைவிருக்கட்டும்: நைட்ரைட் அப்படியேதான் இருக்கும், தண்ணீர் மாற்றுவதையும் தீனி குறைப்பதையும் விடக்கூடாது.

மறைமுகச் செலவு இந்த வழியில்தான் அதிகம். 3 கிராமில் பல செடிகள் இலை கரைந்து போகும். நத்தை சாகும், செத்த நத்தை அழுகி அமோனியா ஏறும். உப்பை ஒரேயடியாகக் கொட்டினால் ஃபில்டரில் உள்ள நல்ல பாக்டீரியாவும் அடிவாங்கும், படிப்படியாக ஏற்றினால் தாங்கிக்கொள்ளும். எல்லாவற்றையும்விட மோசமானது ஜியோலைட். அமோனியாவைப் பிடிக்க ஃபில்டரில் போட்டு வைத்திருக்கும் அந்த வெள்ளைக் கல், உப்புத் தண்ணீர் பட்டதும் சோடியத்தைப் பிடித்துக்கொண்டு, சேர்த்து வைத்த அமோனியாவைத் திரும்பத் தொட்டியிலேயே விட்டுவிடும். உப்பு போட்ட அன்று ராத்திரியே மீன் சாவதற்கு இது ஒரு காரணம், பழி உப்பின் மேல் விழும். உப்பு போடுவதற்கு முன் ஜியோலைட்டை வெளியே எடுத்துவிடுங்கள்.

## வழி 2: தனி டப்

அளவு: லிட்டருக்கு 3 கிராம், படிப்படியாக ஏற்றி. நேரம்: ஒரு வாரம், பத்து நாள்.

என் ஓட்டு பெரும்பாலும் இதற்குத்தான். 20 லிட்டர் பிளாஸ்டிக் டப், ஒரு ஏர் பம்ப், ஒளிந்துகொள்ள ஒரு பூந்தொட்டித் துண்டு, மேலே வலை. வலை அவசியம், புது இடத்தில் மீன் துள்ளும். டப் பிளாஸ்டிக்காக இருக்கட்டும். நாகப்பூச்சு பூசிய தகர வாளியில் உப்புத் தண்ணீர் நின்றால் துத்தநாகம் கரைந்து மீனுக்கு விஷமாகும். சோப்பு போட்டுக் கழுவிய துணி வாளியும் வேண்டாம்.

துடுப்பு அரிப்பு, சண்டையில் பட்ட காயம், பஞ்சுப் பூஞ்சை, செதில் உரிந்தது: ஒரு மீனின் பிரச்சினை என்றால் இதுதான் வழி. செடியும் நத்தையும் தப்பிக்கும். கணக்கு சுலபம், 20 லிட்டருக்கு 60 கிராம். பிடிக்காவிட்டால் தண்ணீரை மாற்றினால் முடிந்தது. மீன் சாப்பிடுகிறதா, எச்சம் எப்படி இருக்கிறது என்று பக்கத்திலிருந்து பார்க்கவும் முடிகிறது. பெரிய தொட்டியில் இதெல்லாம் கூட்டத்தோடு போய்விடும்.

ஆனால் இதில் உழைப்பு அதிகம். டப்பில் நல்ல பாக்டீரியா வளர்ந்து பழுத்த ஃபில்டர் கிடையாது, அமோனியா ஒரே நாளில் ஏறும். தினமும் பாதித் தண்ணீரை அதே உப்பு அளவோடு, அதே சூட்டோடு மாற்ற வேண்டும். முந்தைய நாளே 10 லிட்டர் தண்ணீரில் 30 கிராம் கரைத்து ஓரமாக வைத்துவிட்டால் காலையில் அவசரம் இல்லை. ஓடுகிற தொட்டியிலிருந்து ஸ்பாஞ்ச் ஃபில்டர் ஒன்றை எடுத்து இதில் போட்டால் பாதி வேலை மிச்சம். வெளியூர் போக வேண்டிய வாரத்தில் இந்த வழியைத் தொடங்காதீர்கள்.

வெள்ளைப் புள்ளிக்கு ஒரே மீனை மட்டும் டப்புக்கு மாற்றிப் பயனில்லை, தொட்டியில் நோய் அப்படியே இருக்கும். எல்லா மீனையும் மாற்றினால் கதை வேறு. மீன் இல்லாத தொட்டியில், நம் வெயிலுக்கு, ஒரு வாரத்துக்கு மேல் விட்டால் கிருமிக்கு ஒட்ட இடமில்லாமல் தானாக அழியும். செடித் தொட்டிக்காரர்களுக்கு இதுதான் சரியான வழி.

கோரி, லோச் போன்றவற்றுக்கு லிட்டருக்கு 1 கிராமில் ஆரம்பித்து, ஒரு நாள் பார்த்துவிட்டு ஏற்றுங்கள். மூச்சு வேகமாவதும் தாறுமாறாக ஓடுவதும் தெரிந்தால் அங்கேயே நிறுத்திப் பாதித் தண்ணீரை மாற்றிவிடுங்கள்.

## வழி 3: கெட்டி உப்பில் குறுங்குளியல்

அளவு: லிட்டருக்கு 10 முதல் 30 கிராம். நேரம்: 10 கிராமில் அரை மணி வரை, 30 கிராமில் அரை நிமிடம் முதல் அதிகபட்சம் பத்து நிமிடம்.

செவுளிலும் தோலிலும் ஒட்டும் நுண்ணுயிர் ஒட்டுண்ணிகளைச் சட்டென்று உதிர்க்க இது நல்லது. கோல்டு ஃபிஷ், கோய் வளர்க்கிறவர்கள் புதிதாக வாங்கிய மீனைக் குளத்தில் விடுவதற்கு முன் செய்வதும் இதுதான். வெள்ளைப் புள்ளிக்கு இது உதவாது. காரணம் மேலேயே சொன்னதுதான், புள்ளி தோலுக்கு அடியில் இருக்கிறது.

5 லிட்டர் தொட்டித் தண்ணீரில் 100 கிராம் உப்பை முழுக்கக் கரைத்து, ஏர் ஸ்டோன் போட்டு, மீனை விடுங்கள். முதலில் வேகமாகச் சுற்றும். உப்புத் தண்ணீர் கனமானது என்பதால் மீன் கீழே நிற்க முடியாமல் மிதந்துகொண்டே வரும், அதைப் பார்த்துப் பதற வேண்டாம். கொஞ்ச நேரத்தில் மேல் வழவழப்பு நூல் நூலாகப் பிரிந்து தண்ணீர் மங்கும். அந்த வழவழப்போடு ஒட்டுண்ணியும் போகிறது. மீன் ஒரு பக்கமாகச் சாய்ந்து, விரலால் தொட்டாலும் நிமிராவிட்டால் அந்த நொடியே எடுத்துத் தொட்டித் தண்ணீரில் விட வேண்டும். கடிகாரம் என்ன சொல்கிறது என்று பார்க்கக்கூடாது. கையில் வலையோடு பக்கத்திலேயே நிற்க முடியாதவர் இதைச் செய்யவே வேண்டாம். போன் வந்தால் எடுக்காதீர்கள்.

செலவு காசில் இல்லை, அபாயத்தில் இருக்கிறது. ஏற்கெனவே சோர்ந்து படுத்த மீன் குளியலிலேயே போய்விடும். டெட்ரா, கோரி அளவுள்ள சின்ன மீன்களுக்கு நான் இதைச் சொல்லமாட்டேன். பல மீன்கள் இருந்தால் முதலில் ஒன்றை மட்டும் குளிப்பாட்டி, மறுநாள் அது எப்படி இருக்கிறது என்று பார்த்துவிட்டு மற்றதைத் தொடுங்கள்.

## வழி 4: எப்சம் உப்பு

மருந்துக்கடையில் மெக்னீசியம் சல்பேட் என்று கேட்டால் கிடைக்கும், பேதி உப்பு என்றால் பெரியவர்களுக்குத் தெரியும். பெயரில்தான் உப்பு, மேலே சொன்ன எந்த வேலையும் இதற்கு வராது. குளோரைடு இல்லை, அதனால் நைட்ரைட்டுக்கு உதவாது. ஒட்டுண்ணிக்கும் சரிவராது.

இதன் இடம் வயிறு. எச்சம் போகாமல் வயிறு உப்பி, கவிழ்ந்து மிதக்கும் கோல்டு ஃபிஷ், ஃபைட்டர் வகையறாவுக்கு முதலில் இரண்டு நாள் பட்டினி. அதற்கும் மசியாவிட்டால் தனி டப்பில் 20 லிட்டருக்கு 5 கிராம் எப்சம். நீர்க்கோவையில் உடம்பு வீங்கிச் செதில் எல்லாம் விரிந்து நிற்கும் மீனுக்கும் சோடியம் உப்பைவிட இதுதான் ஏற்றது. ஆனால் அந்த நிலையில் உள்ளே சிறுநீரகம் பழுதாகியிருக்கும், பிழைப்பது அபூர்வம். அதை முன்பே தெரிந்துகொண்டு செய்வது நல்லது.

தண்ணீரின் கடினத்தன்மை இதனால் ஏறும். போர் தண்ணீர்க்காரர்கள் முழுத் தொட்டியில் போட வேண்டாம்.

## ஒரே பார்வையில்

| | முழுத் தொட்டி | தனி டப் | குறுங்குளியல் | எப்சம் |
|---|---|---|---|---|
| லிட்டருக்கு | 1–3 கிராம் (நைட்ரைட்டுக்கு 0.1 போதும்) | 3 கிராம் | 10–30 கிராம் | 0.25 கிராம் |
| நேரம் | 10–14 நாள் | 7–10 நாள் | நிமிடக்கணக்கு | சில நாள் |
| பொருந்துவது | வெள்ளைப் புள்ளி, நைட்ரைட் | காயம், பூஞ்சை, துடுப்பு அரிப்பு | தோல், செவுள் ஒட்டுண்ணி, புது மீன் | மலச்சிக்கல், வீக்கம் |
| செடி, நத்தை | பாதிக்கும் | பாதிப்பில்லை | பாதிப்பில்லை | டப்பில் செய்தால் இல்லை |
| உங்கள் உழைப்பு | குறைவு, பின்னால் தண்ணீர் மாற்றும் வேலை | தினமும் | கொஞ்ச நேரம், முழுக் கவனம் | மிதமானது |
| பெரிய ஆபத்து | ஜியோலைட், உப்பு சேர்ந்துகொண்டே போவது | அமோனியா | மீன் குளியலிலேயே சாவது | நோயைத் தவறாகக் கணிப்பது |

## உப்பே வேண்டாத இடங்கள்

நோய் என்று நினைத்து உப்புப் பாக்கெட்டைப் பிரிப்பதற்கு முன் அமோனியா டெஸ்ட் ஒன்று செய்துவிடுங்கள். மூலையில் ஒதுங்கும் மீன்களில் நிறைய பேருக்கு நோயே கிடையாது, தண்ணீர்தான் கெட்டிருக்கும். அமோனியாவுக்கு உப்பு மருந்தாகாது. குளோரின் நீக்கிய தண்ணீரில் பாதியை மாற்றி, ஒரு நாள் தீனியை நிறுத்திப் பாருங்கள். பாதிக் கேஸ்கள் அங்கேயே தெளிந்துவிடும்.

நூல் மாதிரி தொங்கும் நங்கூரப் புழு, தட்டையாக ஒட்டிக்கொண்டிருக்கும் மீன் பேன் இரண்டும் மீன் தாங்கும் உப்பு அளவில் சாகாது. புழுவைச் சின்ன இடுக்கியால் தோலோடு ஒட்டி, அடியில் பிடித்து இழுக்க வேண்டும், பாதியில் அறுந்தால் தலை உள்ளேயே தங்கிவிடும். அந்தக் காயம் ஆற, வழி 2 உதவும். மேலே தங்கப் பொடி தூவியது போலத் தெரியும் வெல்வெட் நோய்க்கும் உப்பை மட்டும் நம்ப முடியாது, மருந்து வேண்டும். செவுள் புழுவுக்குப் பிராசிகுவான்டெல் என்ற மருந்து இருக்கிறது.

நோய் எதுவும் இல்லாமல் "தெம்புக்கு" என்று நிரந்தரமாக உப்பு போட்டு வைப்பதும் தேவையில்லாத வேலை. மோலி மட்டும் வளர்க்கிறீர்கள் என்றால் சரி, போடுங்கள். மற்ற தொட்டிகளில் வைத்தியம் முடிந்ததும் இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை மூன்றில் ஒரு பங்கு சாதாரணத் தண்ணீர் மாற்றி உப்பை இறக்கிவிடுங்கள். ஒரே நாளில் முழுவதும் மாற்றாதீர்கள். உப்புக்குப் பழகிய மீனைச் சட்டென்று வெறும் தண்ணீரில் விட்டால், உப்பை ஒரேயடியாகக் கொட்டியதைப் போலவே அதற்குச் சிரமம்.